மன்னவனூரில் கிடைத்த வசனம்

நாடகத்திலிருந்து படத்துக்கு வந்திருக்கும் நீங்கள் மூன்று பேரும் போன ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்கு வந்தபோது, அலமாரியில் இருக்கும் நோட்டுகளைப் புரட்டிப் பார்த்தீர்கள். ஒவ்வொரு பக்கத்திலும் தேதி, இடம், அன்றைக்கு நான் கேமராவுக்கு முன்னால் பேசிய வார்த்தைகள். எழுதிக்கொடுத்த வசனம் அல்ல. என் வாயிலிருந்து வந்தது எதுவோ அது. "அண்ணே, இதை உதவி இயக்குநரே எழுதுவாரே, நீங்க எதுக்கு?" என்று உங்களில் ஒருவர் கேட்டீர்கள். காபி ஆறுகிறது என்று நான் பேச்சை மாற்றினேன். வாயால் சொல்லப்போனால் நடுவில் எழுந்து நடக்க ஆரம்பித்துவிடுவேன். அதனால் எழுதி அனுப்புகிறேன்.

முதலில் பழனியில் நடந்ததைச் சொல்ல வேண்டும்.

ஐம்பதுகளின் தொடக்கம். பங்குனி உத்திரத்துக்காக எங்கள் நாடகக் கம்பெனி அடிவாரத்தில் தகரக் கொட்டகை போட்டிருந்தது. எனக்கு இருபது வயது. அய்யம்பாளையத்தில் அப்பாவின் தென்னந்தோப்பை விட்டுச் சொல்லாமல் ஓடிவந்து ஏழு மாதம். குரல் கட்டையாக இருந்ததால் எனக்கு எப்போதும் கிழவன் வேடம்தான். எங்கள் வாத்தியார் ஒரு விதி வைத்திருந்தார். வேடம் போட்டவன் அதைக் கலைக்கும்வரை அந்த ஆளாகவே இருக்க வேண்டும். டீ கேட்டாலும் கிழவன் குரலில்தான் கேட்க வேண்டும். மீறினால் அன்றைக்கு அந்த வேடம் இன்னொருவனுக்குப் போய்விடும்.

ஒருநாள் பிற்பகல், ஒட்டுத்தாடியின் பசை காய்வதற்காகக் கொட்டகைக்கு வெளியே வெயிலில் உட்கார்ந்திருந்தேன். காவடிக் கூட்டத்துக்குள்ளிருந்து அப்பா வந்தார். நேராக என் முன்னால் வந்து நின்றார்.

"பெரியவரே, இங்க அய்யம்பாளையத்துப் பையன் ஒருத்தன் வந்து சேந்திருக்கானாமே. பாத்தீங்களா?"

கொட்டகையின் மறைப்புத் தட்டிக்குப் பின்னால் வாத்தியார் நிற்பது எனக்குத் தெரியும்.

"அப்படி யாரும் இங்க இல்லையே" என்றேன், எழுபது வயதுக் குரலில்.

அப்பா கொஞ்ச நேரம் என் முகத்தைப் பார்த்தார். ஏதோ சொன்னார். பிறகு கூட்டத்தோடு போய்விட்டார். தட்டிக்குப் பின்னாலிருந்து வாத்தியார் வந்து என் முதுகில் தட்டி, "பெத்தவனுக்கே அடையாளம் தெரியலைன்னா நீ நடிகன்டா" என்றார்.

இந்தக் கதையைப் பதினைந்து வருஷம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். எங்கே சொன்னாலும் சிரிப்பார்கள். அப்பா கடைசியில் என்ன சொன்னார் என்று யாராவது கேட்டால் "யாருக்கு ஞாபகம்" என்பேன். உண்மையிலேயே ஞாபகம் இல்லை. வருஷத்துக்கு ஒரு கடிதம் போடுவேன், அவர் ஒரு கார்டு போடுவார். ஊருக்குப் போகவில்லை. பெரிய காரணம் ஒன்றும் கிடையாது. ஒவ்வொரு வருஷமும் போகாமல் இருந்தது அடுத்த வருஷம் போவதை இன்னும் சங்கடமாக்கியது, அவ்வளவுதான்.

கம்பெனி கலைந்த பிறகு சென்னைக்கு வந்தேன். கோர்ட் சீனில் பின்வரிசையில் உட்காருபவன், கல்யாணப் பந்தியில் மூன்றாவது இலைக்காரன், இப்படியே வருஷங்கள் போயின. அறுபதுகளின் நடுவில்தான் ஒரு படத்தில் முகம் தெரிகிற மாதிரி ஒரு வேடம் கிடைத்தது. ஓடிப்போன மகனைத் தேடி மலையேறி வரும் தகப்பன். மொத்தம் மூன்று சீன். முக்கியமான சீன், மலைக்காட்டில் வேலை செய்யும் ஒரு பெண்ணிடம் மகனைப் பற்றிக் கேட்பது. அவள் இல்லை என்று தலையாட்டுவாள். நான் நீளமாக ஒரு வசனம் பேசி, திரும்பி இறங்கிப் போக வேண்டும். அது நன்றாக வந்தால் அடுத்த படத்திலும் எனக்கு வேடம் என்று இயக்குநர் சொல்லியிருந்தார்.

கொடைக்கானலுக்குக் கீழே பள்ளங்கிச் சரிவில் படப்பிடிப்பு. அந்தப் பெண்ணாக நடிக்க வந்தவர் மலைப்பாதை வளைவுகளில் வாந்தியெடுத்து லாட்ஜில் படுத்துவிட்டார். முதுகுதானே தெரியப்போகிறது என்று, அங்கே களை எடுத்துக்கொண்டிருந்த காளியம்மா என்ற பெண்ணையே நிற்கவைத்தார்கள். நாற்பது வயதிருக்கும். தலையை மட்டும் ஆட்டு என்று சொல்லிக்கொடுத்தார்கள். நடுவில் மேகம் தெரிய வேண்டுமென்று, தூரத்து முகத்தையும் கிட்டக் காட்டும் லென்ஸோடு கேமராவை எதிர்ச்சரிவில் வைத்தார்கள். ஒலி வண்டி அந்தத் தடத்தில் வராது. அப்போதெல்லாம் வெளிப்புறத்தில் படம் மட்டும் பிடித்துக்கொண்டு, பேச்சைச் சென்னையில் டப்பிங் தியேட்டரில் சேர்ப்போம். அதாவது நான் என்ன பேசினாலும் கேட்பதற்கு அங்கே காளியம்மாவைத் தவிர ஆள் இல்லை.

காலையிலிருந்து மேகம் விலகவில்லை. மூன்று மணிக்கு மேல் ஒரு இடைவெளி கிடைத்தது. கைக்குட்டையை ஆட்டினார்கள், நான் ஏறினேன். உண்மையாகவே மூச்சு வாங்கியது. மகனைப் பார்த்தாயா என்று கேட்டேன். காளியம்மா தலையை ஆட்டவில்லை. வாயைத் திறந்து பதில் சொன்னாள்.

"அப்படி யாரும் இங்க இல்லையே."

எனக்கு எழுதிக்கொடுத்த வசனம் போய்விட்டது. எதிரே இருப்பவர் வசனம் மாறிப் பேசினால் நிறுத்தாமல் சமாளிப்பது மேடையில் என் பலம். அதையே செய்தேன். என்னவோ பேசினேன், திரும்பி இறங்கினேன். அடுத்த நிமிஷம் மேகம் மூடிக்கொண்டது. எதிர்ச்சரிவிலிருந்து இயக்குநர் கை தட்டியது மட்டும் கேட்டது. வசனம் மாறிவிட்டது என்று நான் யாரிடமும் சொல்லவில்லை. உதவி இயக்குநர் தன் நோட்டில் 'எழுதியபடி' என்று குறித்துக்கொண்டார். மேடையில் நாம் சமாளித்துப் பேசியது திரை விழுந்ததும் காற்றோடு போய்விடும். படத்தில் குரல்தான் போகும். உதடு அங்கேயே இருக்கும். இந்த வித்தியாசம் எனக்கு அன்றைக்குத் தெரியாது.

ஒரு மாதம் கழித்து, ஒரு திங்கட்கிழமை டப்பிங். திரையில் என் முகம் வந்தது. எழுதிய வசனத்தைப் பேசினேன். உதடு ஒரு பக்கம் போகிறது, குரல் ஒரு பக்கம் போகிறது.

"என்னங்க பேசினீங்க அன்னிக்கு?" என்றார் இயக்குநர்.

"ஞாபகம் இல்லைங்க."

அவர் கோபப்பட்டிருந்தால் தாங்கியிருப்பேன். "படத்திலேயே இந்த ஒரு சீன்தான் எனக்கு நிம்மதியா இருந்தது" என்று மட்டும் சொன்னார்.

அன்று முழுக்கவும் செவ்வாய் காலையும் ஏதேதோ பேசிப் பார்த்தோம். எதுவும் ஒட்டவில்லை. ஒலிப்பதிவாளர் பொறுமையான மனிதர். படத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டி, "ப, ம ரெண்டு எழுத்துக்குத்தான் சார் உதடு நல்லா ஒட்டும். வார்த்தைக் கடைசியில வர்ற 'ம்' மூக்குலயே போயிடும், அது கணக்கில்லை. உங்க வாய் எட்டு இடத்துல மூடுது. கடைசி ரெண்டும் கிட்டக்கிட்ட வருது" என்று காட்டினார். நான் கடைக்குப் போய் ஒரு நோட்டு வாங்கி வந்து, எந்த இடத்தில் வாய் மூடுகிறது, எங்கே இழுக்கிறது என்று வரைந்துகொண்டேன். அலமாரியில் முதலாவதாக இருக்கும் நோட்டு அதுதான்.

தியேட்டர் வெள்ளிக்கிழமை பதினொரு மணிவரை எங்களுக்கு. அதற்குள் வரவில்லையென்றால் சீனை எடுத்துவிடுவதாக இயக்குநர் சொன்னார். அது போனால் மற்ற இரண்டு சீனிலும் எனக்கு மிஞ்சுவது ஒரு முதுகும் ஒரு கும்பிடும். மறுபடி பந்தியில் மூன்றாவது இலை.

அந்த வார்த்தைகளைக் கேட்டவர் உலகத்தில் ஒருவர்தான். செவ்வாய் சாயங்காலம் ரயில் ஏறினேன்.

புதன் காலை கொடை ரோடு, அங்கிருந்து பஸ். வழியெல்லாம் நோட்டைப் பிரித்து உதட்டை மூடி மூடித் திறந்துகொண்டு வந்ததில், பக்கத்து சீட்டுக்காரர் எனக்கு உடம்பு சரியில்லை என்று ஜன்னலோர இடத்தைக் கொடுத்துவிட்டார். கொடைக்கானலில் இறங்கி, சாப்பிடாமல் பள்ளங்கிக்கு நடந்தேன். காளியம்மா அங்கே இல்லை. மன்னவனூரில் தங்கச்சி வீட்டுக் காட்டில் கிழங்கு எடுக்கப் போய்விட்டாள், வர எட்டு நாளாகும் என்றார்கள். திரும்பி மேடேறி வரும்போது மணி ஐந்து. மன்னவனூருக்குப் போவது கிழங்கு ஏற்றும் லாரிகள்தான் என்று பஜாரில் ஒரு மண்டிக்கார பாயிடம் அனுப்பினார்கள். விஷயத்தைச் சொன்னேன்.

"வசனத்தைத் தொலைச்சது பள்ளங்கியில. தேடப்போறது மன்னவனூர்லயா?" என்றார் அவர், தராசிலிருந்து கண்ணை எடுக்காமல். "வெளங்கிரும். வெள்ளனே அஞ்சரைக்கு எங்க லாரி போகும். கம்பளி இருக்கா?"

"இல்லைங்க."

"சாக்கு தாரேன். போர்த்திக்கிட்டு வாங்க. திரும்பற லாரி பத்தரைக்கு. அதை விட்டுட்டா நாளைக்குத்தான், பாத்துக்கங்க."

வியாழன் ஒன்பதே காலுக்கு மன்னவனூரில் இறங்கினேன். ஒன்றேகால் மணி நேரம் இருந்தது. காட்டைக் கண்டுபிடிக்க அரைமணி ஆயிற்று. காளியம்மா தலையில் சாக்கை மடித்துப் போட்டுக்கொண்டு கிழங்கு தோண்டிக்கொண்டிருந்தாள்.

"போன மாசம் பள்ளங்கியில சினிமா எடுத்தாங்கல்லம்மா, தாடி வச்ச ஒரு பெரியவரு..."

நான் முடிக்கவில்லை. அவள் நிமிர்ந்து, கையிலிருந்த மண்ணைத் தட்டிவிட்டு, என் முகத்தைப் பார்த்தாள்.

"நீங்க அவரு மகனா?"

நான் வாயைத் திறந்தேன்.

"அதே மூக்கு" என்றாள். "எங்கய்யா போயிருந்தீங்க இத்தனை நாளா? அந்த மனுசன் மேடேறி மூச்சு வாங்க வந்து நிக்கிறாரு. பாக்க எனக்கே ஒரு மாதிரி ஆயிருச்சு. பெத்தவரை இப்படி அலையவிடலாமா?"

தம்பிகளே, தங்கையே, இந்த இடத்தைக் கொஞ்சம் கவனியுங்கள். அந்தப் பெரியவர் நான்தான், வேடத்தில் இருந்தேன் என்று சொல்லத்தான் மூச்சை இழுத்தேன். சொல்லியிருந்தால் அவள் சிரித்திருப்பாள். கூச்சப்பட்டிருப்பாள். நீங்க என்னமோ பேசினீங்க, எனக்கு என்ன தெரியும் என்று முடித்திருப்பாள். மகனிடம் சொல்வதென்றால் அது சேதி. சேதியை யாரும் மாற்றிச் சொல்ல மாட்டார்கள்.

"ஆமாம்மா" என்றேன். அது பொய் இல்லை என்பது எனக்கு அந்த நிமிஷம் தெரியவில்லை.

ஆனாலும் ஒன்றைக் கேட்டுவிடத் தோன்றியது. "அது சினிமாவுக்காகப் பேசினதுதானேம்மா?"

"எனக்குத் தெரியாதாக்கும்? என்னைத் தலையை ஆட்டச் சொன்னாங்க. அவரு கேட்ட கேள்விக்குத் தலையை மட்டும் ஆட்டுறது மரியாதையா? வாயால சொன்னேன். அவருக்கும் என்னமோ பாட்டு மாதிரி நீளமாச் சொல்லிக்குடுத்தாங்க, நானும் கேட்டுக்கிட்டுத்தான நின்னேன். அதை அவரு பேசலையே. சொல்லிக்குடுக்காததைப் பேசினா அது அவரு சொந்தச் சோலியாத்தான இருக்கணும்? அதான் மனசுல வச்சிருந்தேன். நீங்க ஒருநா வருவீங்கன்னு நெனச்சேன்."

நோட்டைப் பிரித்தேன். "என்ன சொன்னாரும்மா? ஒரு வார்த்தை விடாம சொல்லுங்க."

அவள் கையை இடுப்பில் துடைத்துக்கொண்டாள். ஒப்பிப்பது போலில்லாமல், நிதானமாகச் சொன்னாள்.

"இல்லைன்னா சரி. பாத்தா மட்டும் சொல்லும்மா. அவனுக்கு மொகத்துத் தோலு சின்னதுல இருந்தே ஆகாது. தடிச்சுப்போயிரும். தேங்காயெண்ணெ தடவி, ஊறவிட்டு, மெதுவாத் தொடைக்கச் சொல்லு. இதான் சொன்னாரு."

ஒவ்வொரு மூடலாக டிக் போட்டுக்கொண்டே வந்தேன். ஒட்டியது. அதற்குள் அவள், "இந்தப் பனியில யாருக்குத்தான் தோல் ஆகுது" என்று சொல்லிவிட்டுக் குனிந்து மண்வெட்டியை எடுத்தாள். நோட்டைப் பார்த்தேன். ஆறு டிக். கடைசி இரண்டு மூடல் அப்படியே கிடந்தது.

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

"இன்னும் ஏதோ சொன்னாரும்மா."

அவள் மண்ணைக் கொத்தினாள். கீழே தடத்தில் லாரி ஹாரன் அடித்தது. மணி பத்து இருபது.

"யம்மா, நான் போகணும். வெரசாச் சொல்லுங்க."

"சொல்லக் கூடாதுய்யா."

"ஏன்?"

"அவரு சொல்லக் கூடாதுன்னுதான் சொன்னாரு." கொத்துவதை நிறுத்தினாள். என்னைப் பார்க்கவில்லை. "நான் வந்தேன்னு சொல்லிப்புடாதம்மா, அப்படின்னாரு. இப்ப சொல்லிப்புட்டேன். போதுமா?"

ஏழாவது மூடல், எட்டாவது மூடல். இரண்டும் ஒட்டின. அவை என் வசனம் இல்லை, பழனியில் அப்பா கடைசியாக என்னிடம் சொன்ன வார்த்தைகள்.

மன்னவனூரில் பனி இருக்கிறது, சரி. பழனியில், பங்குனி வெயிலில், ஏது பனி? ஒட்டுத்தாடியின் பசையை மற்றவர்கள் மண்ணெண்ணெய் தொட்டுத்தான் எடுப்பார்கள். நானும் அப்படித்தான் எடுத்துக்கொண்டிருந்தேன். அந்த ஏழு மாதமும் என் தாடை தடித்துச் சிவந்திருந்தது. அப்பா கொஞ்ச நேரம் என் முகத்தைப் பார்த்தார் என்று எழுதினேன் அல்லவா? தாடியின் ஓரத்தைத்தான் பார்த்தார். பார்த்துவிட்டு, முன்பின் தெரியாத பெரியவரிடம் பேசுவது போல என்னிடம் இதையெல்லாம் சொல்லி, நான் வந்தேன்னு சொல்லிப்புடாதீங்க என்று கும்பிட்டுவிட்டுப் போனார். அந்தப் பங்குனிக்குப் பிறகு நான் தேங்காயெண்ணெய்க்கு மாறியிருந்தேன். ஏன் மாறினேன் என்று ஒருநாளும் யோசித்ததில்லை.

"போய்ப் பாப்பீங்களா?" என்றாள் காளியம்மா.

"போறேம்மா."

"இன்னிக்கேவா?"

லாரி மறுபடி ஹாரன் அடித்தது. நோட்டை மடக்கிக்கொண்டு ஓடினேன்.

கொடைக்கானலிலிருந்து பஸ் பிடித்து வத்தலக்குண்டில் இறங்கியபோது மணி ஐந்து பத்து. ஸ்டாண்டில் அய்யம்பாளையம் பஸ் இன்ஜின் ஓடியபடி நின்றது. அரைமணி நேரப் பயணம். அதற்குப் பக்கத்தில் கொடை ரோடு பஸ். அப்பாவைப் பார்த்துவிட்டு இரவு ரயிலைப் பிடிக்க முடியாது. ரயிலை விட்டால் வெள்ளி பதினொரு மணி போய்விடும். இரண்டு பஸ்ஸுக்கும் நடுவில் நான்கு முறை நடந்தேன். கண்டக்டர், "அண்ணாச்சி, ஏறுறதுன்னா ஏறுங்க, நீங்க நடக்கற நடைக்கு இந்நேரம் ஊரே வந்திருக்கும்" என்றார்.

கொடை ரோடு பஸ்ஸில் ஏறினேன். அப்பாவைப் பார்த்தால் வேறு வார்த்தைகள் வந்துவிடும், இந்த வார்த்தைகள் மறுபடி கலைந்துவிடும் என்று எனக்கு நானே காரணம் சொல்லிக்கொண்டேன். தொழிலுக்கு அது சரியான முடிவு. மற்றபடி சரியா என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. உங்களுக்கும் இப்படி ஒரு பஸ் ஸ்டாண்ட் வரும். அங்கே என்னை உதாரணமாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

வெள்ளி ஒன்பதரைக்கு டப்பிங் தியேட்டர். முதல் தடவையிலேயே எட்டு இடத்திலும் உதடும் குரலும் சேர்ந்து மூடின. விளக்கு வந்தது. ஒலிப்பதிவாளர், "சேஃப்டிக்கு ஒண்ணு எடுத்துக்கலாமா சார்?" என்றார். வேண்டாம் என்று இயக்குநர் கையைக் காட்டினார். பிறகு என்னிடம், "யார் எழுதினது?" என்று கேட்டார்.

"ஒருத்தர் சொன்னதுங்க."

அந்தச் சீன்தான் எனக்கு அடுத்த இருபது வருஷத்தைக் கொடுத்தது. அன்றிலிருந்து வேடம் கலைப்பதற்கு முன்னால், அன்றைக்குப் பேசியதை எழுதிவிடுகிறேன். எழுதிய பிறகுதான் எண்ணெயைத் தொடுவேன். நீங்களும் எழுதுங்கள். வாயில் வந்தது எங்கிருந்து வந்தது என்று அப்போது தெரியாது. பிறகு தேட வேண்டி வரும். எதிரே நிற்பவர் தலையாட்டத்தான் வந்தவர் என்று நினைக்காதீர்கள். நீங்கள் பேசியதை நீங்களே மறந்த பிறகு அதை வைத்திருப்பவர் அவர்தான்.

சனிக்கிழமை சாயங்காலம் அய்யம்பாளையத்தில் இறங்கினேன். அப்பா தோப்பில் தண்ணீர் பாய்ச்சிக்கொண்டிருந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. நான் கிழவன் வேடத்துக்கு வைத்துக்கொள்ளும் டோப்பாவை விட வெள்ளை. வரப்பில் நின்றேன்.

அவர் நிமிரவில்லை. மடையிலேயே கண்ணை வைத்துக்கொண்டு, "யாரைத் தேடி வந்தீங்க?" என்றார்.

"அப்பாவை."

வாய்க்காலில் ஒரு மட்டை அடைத்துக்கொண்டிருந்தது. அதை எடுத்து ஓரமாகப் போட்டார். பிறகு என் தாடையை ஒரு பார்வை பார்த்தார். முகத்தில் ஒரு நரம்பு அசையவில்லை.

"அப்படி யாரும் இங்க இல்லையே" என்றார்.

நான் நின்றேன். அவரும் நின்றார். எங்கள் வாத்தியார் பார்த்திருக்க வேண்டிய இடைவெளி அது. ஒரு நொடி கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

பிறகு மண்வெட்டியை என்னிடம் நீட்டினார். "நின்னுக்கிட்டே இருக்காத. அந்தக் கடைசி வரிசைக்குத் தண்ணி போகலை. மடையைத் திருப்பு."